மறு: டிடென்ஷன், சீஷர், கான்ஃபிஸ்கேஷன் மூன்றுக்கும் தமிழ்

> செய்தித்தாள்கள் மூன்றையும் 'பறிமுதல்' என்றுதான் எழுதுகின்றன. வாசகருக்குப் புரிகிறதே, போதாதா?

வணக்கம்.

போதாது ஐயா. ஜிஎஸ்டி சட்டத்தில் இவை மூன்றும் வேறு வேறு. சொந்தக்காரர் சரக்கைத் தொட முடியாதபடி ஆணை போட்டு நிறுத்துவது டிடென்ஷன். வரித்துறை அதைத் தன் வசம் எடுத்துக்கொள்வது சீஷர். இரண்டிலும் சரக்கு இன்னும் வணிகருடையதுதான். 130ஆம் பிரிவில் கான்ஃபிஸ்கேஷன் ஆணை வந்தால்தான் உரிமை அரசுக்குப் போகும். அந்த ஒன்றுக்கு மட்டும் 'பறிமுதல்' இருக்கட்டும்.

இதில் பணமும் இருக்கிறது. வரித்துறையின் பறக்கும் படை லாரியை மடக்கி, ஓட்டுநர் கையில் மூவ்-06 படிவத்தை, அதாவது டிடென்ஷன் ஆணையைக் கொடுக்கிறது. அவர் முதலாளிக்கு போன் போட்டு "பறிமுதல் பண்ணிட்டாங்க" என்கிறார். போனது போனதுதான் என்று முதலாளி ஒதுங்கிவிட்டால் என்ன ஆகும்? ஐந்து லட்ச ரூபாய் சரக்கு, 18 சதவீத வரி என்று வையுங்கள். வரி 90,000. உரிமையாளர் முன்வந்தால், டிடென்ஷனுக்கும் சீஷருக்கும் உரிய 129ஆம் பிரிவில் அபராதம் வரியைப் போல் இரண்டு மடங்கு, அதாவது 1,80,000. வராவிட்டால் சரக்கு மதிப்பில் பாதி அல்லது வரியின் இரு மடங்கு, எது அதிகமோ அது, இங்கே 2,50,000. (2022 ஜனவரி முதல் உள்ள கணக்கு இது.) சரக்கைப் பிடித்த ஏழு நாளுக்குள் நோட்டீஸ், அது கிடைத்த ஏழு நாளுக்குள் ஆணை, ஆணை கிடைத்துப் பதினைந்து நாளுக்குள் கட்டாவிட்டால் சரக்கை விற்கவும் செய்யலாம்.

அதிகாரிகளுக்கும் இந்த வேறுபாடு தேவை. தெலங்கானாவின் சத்யம் சிவம் பேப்பர்ஸ் வழக்கைப் பாருங்கள். 2020 ஜனவரியில் போராட்டத்தால் சாலை அடைபட்டு, ஆட்டோ டிராலியில் போன காகித லோடின் இ-வே பில் (சரக்கோடு போக வேண்டிய மின்னணுச் சீட்டு) காலாவதியானது. சரக்கைப் பிடித்த அதிகாரி அதை உறவினர் வீட்டில் இறக்கி வைத்தார்! ஏட்டில் டிடென்ஷன்; நடந்ததற்கு என்ன பெயர்? வணிகர் கட்டிய 69,000 ரூபாயைத் திருப்பித் தரச் சொன்ன உயர்நீதிமன்றம், 10,000 ரூபாய் செலவுத்தொகையும் விதித்தது. மேல்முறையீட்டுக்குப் போன துறைக்கு உச்ச நீதிமன்றம் 2022 ஜனவரியில் இன்னொரு 59,000 ரூபாய் செலவுத்தொகை சேர்த்து விதித்தது.

இனி சொல்லுக்கு வருவோம். 'தடுத்துவைப்பு' என்றால் தடுப்புக் காவலும் குண்டர் சட்டமும்தான் நினைவுக்கு வரும். 'நிறுத்திவைப்பு ஆணை' என்று எழுதினால், ஆணையையே நிறுத்திவைத்துவிட்டார்கள் என்று படிப்பார்கள். 'பிடித்தம்' சம்பளத்தில் வரி பிடிப்பதற்குப் போய்விட்டது. 'மறிவைப்பு' அழகுதான். ஆனால் ஈழத்தில் மறியல் என்றால் சிறை, இங்கே சாலை மறியல். இரண்டு கரையிலும் இடிக்கும்.

என் பரிந்துரை 'பிடித்துவைப்பு'. "வண்டியைப் பிடிச்சு வச்சிருக்காங்க" என்று லாரிக்காரர்கள் தினமும் சொல்வதுதான். சீஷருக்குக் 'கைப்பற்றல்', கைப்பற்றுதல் மகஜர் ஏற்கெனவே காவல்துறையில் பழகியது.

அன்புடன்.

---

> என் பரிந்துரை 'பிடித்துவைப்பு'.

பேச்சு வாடை அடிக்கிறதே! உயர்நீதிமன்ற மனுவில் இதை எழுத முடியுமா? தவிர, 'பிடிபட்ட சரக்கு' என்றால் கடத்தல் சரக்கு என்றே தோன்றும். பாவம், பில்லில் ஒரு எண் மாறிய வணிகர்.

---

'பிடியாணை' நீதிமன்றத்தில் நடக்கிறது. அதே 'பிடி'தானே இதுவும்? கடத்தல் வாடை 'பிடிபட்ட' என்பதில்தான் வருகிறது. 'பிடித்துவைத்த சரக்கு' என்று எழுதினால் பழி சரக்கின் மேல் விழாது, பிடித்தவர் ஒருவர் இருக்கிறார் என்பதும் தெரியும். எண் மாறியதற்கு முழு அபராதம் கிடையாது என்று மத்திய மறைமுக வரி வாரியத்தின் 2018 செப்டம்பர் சுற்றறிக்கையே சொல்கிறது. அத்தகைய சிறு பிழைகளுக்கு மத்திய வரியில் 500 ரூபாய், மாநில வரியில் 500 ரூபாய் அபராதம், அவ்வளவுதான். அதை மனுவில் முதல் பத்தியிலேயே எழுதுங்கள்; சொல்லை நீதிபதி பார்த்துக்கொள்வார்.