எவர்நோட்டிலிருந்து வெளியேற: தமிழ்க் குறிப்புகளுக்கு அப்சிடியனா, ஜாப்ளினா?

ஏரிக்கரை_வாசகர்:

வணக்கம். எவர்நோட்டில் இரண்டாயிரத்துச் சொச்சம் குறிப்புகள் இருக்கின்றன. எல்லாம் ஏரிப் பாசனம் தொடர்பானவை: நூல்களில் எடுத்த பகுதிகள், அரசாணை பிடிஎஃப்கள், இணையக் கட்டுரைக் கிளிப்கள். பாதிக்கு மேல் தமிழ். 2023 டிசம்பரில் இலவசக் கணக்குக்கு 50 குறிப்பு, ஒரே நோட்புக் என்று வரம்பு வந்ததிலிருந்து புதிதாக எதையும் சேர்க்க முடியவில்லை.

விண்டோஸ் லேப்டாப், ஆண்ட்ராய்டு போன் இரண்டிலும் வேலை செய்ய வேண்டும். பத்து வருடம் கழித்து மென்பொருளே இல்லாமல் போனாலும் குறிப்புகள் கையில் இருக்க வேண்டும். எல்லாவற்றையும் விட, தமிழில் தேடினால் கிடைக்க வேண்டும். இப்போது "குளம்" என்று தேடினால் "குளத்தில்" என்று எழுதியவை வருவதில்லை. எதற்கு மாறலாம், எப்படி மாறலாம்?

சுவடிக்கட்டு:

உங்கள் தேவைக்கு அப்சிடியன். ஒவ்வொரு குறிப்பும் மார்க்டவுன் (எளிய குறிகளால் தலைப்பு, பட்டியல் காட்டும் வெற்று உரை) வடிவில் தனித்தனி உரைக்கோப்பாக உங்கள் ஃபோல்டரிலேயே இருக்கும். அப்சிடியன் நாளைக்கே நின்றுபோனாலும் நோட்பேடில் திறந்து படிக்கலாம். பத்து வருடக் கணக்குக்கு இதைவிட நல்ல பதில் இல்லை.

எவர்நோட்டில் வரம்பைத் தாண்டிய பழைய குறிப்புகளை ஏற்றுமதி செய்யத் தடையில்லை. ஆனால் எல்லாவற்றையும் ஒரே கோப்பாக எடுத்துவிடாதீர்கள். எனெக்ஸ் (எவர்நோட்டின் ஏற்றுமதி வடிவம்) கோப்புக்குள் டேக் போகும், நோட்புக் பெயர் போகாது. டெஸ்க்டாப் செயலியில் ஒவ்வொரு நோட்புக்காக வலது கிளிக் செய்து ஏற்றுமதி கொடுத்து, கோப்புக்கு அந்த நோட்புக்கின் பெயரையே வையுங்கள். பிறகு அப்சிடியனில் கம்யூனிட்டி பிளகின்களில் (கூடுதல் வசதிகளில்) 'இம்போர்ட்டர்' நிறுவி எனெக்ஸ் கோப்புகளைக் கொடுத்தால் படங்களும் பிடிஎஃப்களும் சேர்ந்தே வரும். ஒரு குறிப்பிலிருந்து இன்னொன்றுக்கு எவர்நோட்டுக்குள் போட்ட இணைப்புகளைப் பிறகு சரிபாருங்கள்; பல அறுந்திருக்கும். கிளிப் செய்த பக்கங்கள் அலங்கோலமாக வரும். முக்கியமானவற்றை மட்டும் அப்சிடியனின் வெப் கிளிப்பரால் மூலப் பக்கத்திலிருந்தே மறுபடி எடுங்கள். மற்றதில் நேரம் செலவழிக்க வேண்டாம்.

போனுக்குக் கொண்டுபோக, காசு கொடுக்க முடிந்தால் அப்சிடியனின் சொந்த சிங்க் சேவைதான் தலைவலி இல்லாதது. இல்லையென்றால் சிங்திங்: கருவிகளுக்கிடையே கோப்புகளை நேரடியாக ஒத்திசைக்கும் இலவச மென்பொருள். கூகுள் டிரைவ் வேண்டாம்: அதன் ஆண்ட்ராய்டு செயலி ஃபோல்டரைப் போனில் இறக்கி ஒத்திசைப்பதில்லை, அப்சிடியனுக்கோ கோப்பு போனிலேயே இருக்க வேண்டும். சிங்திங்கின் அதிகாரப்பூர்வ ஆண்ட்ராய்டு செயலி 2024 டிசம்பரோடு நின்றுவிட்டது. இப்போது பயன்பாட்டில் இருப்பது 'சிங்திங்-ஃபோர்க்'. கவனிக்க வேண்டியவை:

– போனில் வால்ட் (குறிப்புகள் இருக்கும் ஃபோல்டர்) உருவாக்கும்போது 'டிவைஸ் ஸ்டோரேஜ்' தேர்வு செய்யுங்கள். செயலியின் உள் சேமிப்பில் வைத்தால் சிங்திங்குக்கு அது கண்ணிலேயே படாது.
– சிங்திங்-ஃபோர்க்குக்குப் பேட்டரி கட்டுப்பாட்டை நீக்குங்கள். இல்லாவிட்டால் திரை அணைந்த சிறிது நேரத்தில் ஆண்ட்ராய்டு அதை நிறுத்திவிடும்.
– சிங்திங்கின் இக்னோர் பேட்டர்ன்ஸ் (ஒத்திசைக்க வேண்டாதவை) பகுதியில் அப்சிடியனின் மறைவு ஃபோல்டரில் உள்ள 'வொர்க்ஸ்பேஸ்' ஜேசன் கோப்புகள் இரண்டையும் சேருங்கள், லேப்டாப்புக்கு ஒன்று, மொபைலுக்கு ஒன்று. எந்தக் குறிப்பு திறந்திருக்கிறது என்பதை அவை அடிக்கடி எழுதிக்கொண்டே இருக்கும். சிங்க் மோதல்களில் பெரும்பங்கு இவற்றால்தான்.
– சிங்திங்கின் ஃபைல் வெர்ஷனிங்கை (பழைய பதிப்புகளை வைத்திருக்கும் வசதி) இரண்டு கருவியிலும் போடுங்கள். அடுத்த கருவியிலிருந்து வரும் மாற்றத்தை மட்டும்தான் அது காப்பாற்றும். அதே கருவியில் நீங்களே அழித்ததை அல்ல. வாரம் ஒருமுறை வெளி ஹார்ட் டிஸ்க்கில் தனியாக நகல் எடுத்தே ஆக வேண்டும். சிங்க் என்பது பேக்கப் ஆகாது.

மடைத்திறப்பு:

சுவடிக்கட்டு சொன்னதில் ஒரு விஷயம் விட்டுப்போச்சு. அப்சிடியன் இலவசம்தான், ஆனா திறமூலம் இல்லை, அதாவது அதோட நிரல் எல்லாருக்கும் திறந்திருக்கலை. அது உங்களுக்கு முக்கியம்னா ஜாப்ளினைப் பாருங்க. டிராப்பாக்ஸ், ஒன்டிரைவ், நெக்ஸ்ட்கிளவுட் எதுல வேணும்னாலும் சிங்க் வைக்கலாம், முழு மறையாக்கம் உள்ளேயே இருக்கு, எனெக்ஸை நேரடியா வாங்கிக்கும். பழைய பதிப்புகளை வழக்கமா 90 நாள் வைச்சிருக்கும். சிங்திங்கோட மல்லுக்கட்ட விரும்பாதவங்களுக்கு இது நிம்மதி.

குறை என்னன்னா, குறிப்பெல்லாம் எஸ்க்யூலைட் தரவுத்தளத்துக்குள்ள இருக்கும். வெளிய எடுக்கணும்னா மார்க்டவுன்ல ஏற்றுமதி பண்ணணும். மாசம் ஒருதடவை 'மார்க்டவுன் + ஃப்ரன்ட் மேட்டர்' (டேக், தேதி மாதிரி விவரமும் சேர்ந்து வரும்) ஏற்றுமதி பண்ணி வைச்சுக்கிட்டா உங்க பத்து வருஷக் கவலை தீரும். இன்னொண்ணு, தேடல் முழுச்சொல்லாத்தான் பார்க்கும். சொல்லோட முன்பகுதி போதும்னா கடைசியில * போடணும்.

எதுக்கு மாறினாலும் முதல்ல ஒரே ஒரு சின்ன நோட்புக்கைக் கொண்டுபோய், நீங்க வழக்கமா தேடுற பத்துச் சொல்லைத் தேடிப் பார்த்துட்டு மத்ததை நகர்த்துங்க.

எழுத்துப்பிழை_திருத்தி:

தமிழ்த் தேடல் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. இதுதான் செயலித் தேர்வைவிடப் பெரிய விஷயம்.

அப்சிடியன் தேடல் இலக்கணம் அறியாது. கொடுத்த எழுத்துத்தொடர் எங்கே இருந்தாலும் காட்டும். அதையே சாதகமாக்கிக் கொள்ளலாம். கணினிக்குள் "மதகு" என்பது ம, த, க, பிறகு உகரக் குறி. ஆகவே கடைசி உயிர்க்குறியை விட்டுவிட்டு "மதக" என்று தேடினால் மதகு, மதகில், மதகுகள் எல்லாம் வரும். "நீதிமன்ற" என்று மெய்யை விட்டுத் தேடுவதும் இப்படித்தான். ஆனால் குட்டைச் சொற்களுக்கு இது ஒத்துவராது. "குள" என்று கொடுத்தால் குளிர், குளவி எல்லாம் வந்து குவியும். அங்கே ரெகெக்ஸ் (தேடல் வாய்பாடு; அதில் | என்றால் 'அல்லது') பயன்படுத்துங்கள். தேடல் பெட்டியிலேயே இரு சாய்கோடுகளுக்கு இடையில் எழுதலாம்:

/குள(ம்|த்|ங்)/ குளம், குளத்தில், குளங்கள்
/கிண(று|ற்)/ கிணறு, கிணற்றில்
/வீ(டு|ட்)/ வீடு, வீட்டுக்கு

உங்கள் துறையில் அடிக்கடி வரும் சொற்கள் முப்பது நாற்பதுதான் இருக்கும். அவற்றுக்கு இந்த வாய்பாடுகளை எழுதி 'தேடல் சொற்கள்' என்று ஒரு குறிப்பாக வைத்துக்கொண்டால் போதும்.

இணைப்புக்கும் இதே சிக்கல். குறிப்பின் தலைப்பு எப்போதும் வேற்றுமை உருபு இல்லாத வடிவில் இருக்கட்டும். வாக்கியத்துக்குள் [[கலிங்கு|கலிங்கின்]] என்று எழுதுங்கள். கோட்டுக்கு முன்னால் கோப்பின் பெயர், பின்னால் கண்ணுக்குத் தெரிவது. தலைப்பு இணைப்பில்லாமல் வரும் இடங்களைக் காட்டும் 'இணைக்கப்படாத குறிப்பிடல்கள்' பகுதியைத் தமிழில் நம்ப வேண்டாம். "கலிங்கின்" என்பது "கலிங்கு" தான் என்று அதற்குத் தெரியாது.

அடுத்து, பார்வைக்கு ஒன்று, உள்ளே வேறு. மூன்று இடங்களில் மாட்டிக்கொள்வோம்.

ஒன்று: "கொ" போன்றவற்றில் வரும் ஒகரக் குறி யூனிகோடில் ஒரே குறியாகவும் இருக்கலாம், எகரக் குறியும் காலும் சேர்ந்த இரண்டாகவும் இருக்கலாம். நீங்கள் தட்டச்சு செய்தது முதல் வகை, பிடிஎஃப்பிலிருந்து ஒட்டியது இரண்டாம் வகை என்றால் "கொள்ளளவு" என்ற தேடல் பாதியைத்தான் காட்டும். இறக்குமதி முடிந்ததும் எல்லாக் கோப்புகளையும் என்எஃப்சி (இப்படிப்பட்டவற்றை ஒரே குறியாக்கும் யூனிகோடு வகை) வடிவத்துக்கு மாற்றுங்கள். பைத்தான் நிரல் பத்து வரி கூட வராது.

இரண்டு: ஔகாரம். பலர் "கௌ" என்பதற்கு "கெ", "ள" என்று இரண்டு எழுத்தைத் தட்டுகிறார்கள். இது எழுத்துப்பிழை, ஆகவே என்எஃப்சி இதைத் தொடாது. /(கௌ|கெள)ரவ/, /(ஔ|ஒள)வை/ என்று தேடிக் கையால் திருத்துங்கள். "ஸ்ரீ" கூட இரண்டு விதமாகப் பதிவாகிறது, ஸகரத்தோடு ஒன்று, ஶகரத்தோடு ஒன்று. திரையில் வித்தியாசம் தெரியாது.

மூன்று: பழைய அரசாணைகள். யூனிகோடுக்கு முந்திய எழுத்துருவில் இருக்கும் பிடிஎஃப்பிலிருந்து நகலெடுத்தால் ஆங்கில எழுத்தும் குறியுமாகக் குப்பை வரும். எழுத்துரு பாமினியா, டிஸ்கியா, டேமா என்று தெரிந்தால் என்ஹெச்எம் கன்வர்ட்டரில் மாற்றலாம். ஸ்கேன் படம் என்றால் எழுத்துணரிதான் (ஓசிஆர்) வழி. டெஸராக்ட் என்ற இலவச எழுத்துணரியில் தமிழ் உண்டு. கூகுள் டிரைவில் ஏற்றிக் கூகுள் டாக்ஸில் திறந்தாலும் எழுத்தாகும், கோப்பு 2 எம்பிக்குள் இருக்கட்டும். எதில் எடுத்தாலும் எண்களையும் சர்வே எண்களையும் மூலத்தோடு ஒப்பிடாமல் விடாதீர்கள்.

ஏரிக்கரை_வாசகர்:

மிக்க நன்றி. ஒரு நோட்புக்கை மட்டும் அப்சிடியனுக்குக் கொண்டுவந்தேன். லேப்டாப்பில் எல்லாம் சரி. போனில் சில குறிப்புகள் மட்டும் வரவே இல்லை, சிங்திங் 'ஃபைல் நேம் டூ லாங்' என்கிறது. அரசாணைத் தலைப்பை முழுசாக வைத்திருந்தேன். ஆனால் இதைவிட நீளமான ஆங்கிலத் தலைப்புகள் போய்ச் சேர்ந்திருக்கின்றனவே?

எழுத்துப்பிழை_திருத்தி:

லினக்ஸிலும் ஆண்ட்ராய்டிலும் கோப்புப் பெயருக்கு வரம்பு 255 பைட். ஆங்கில எழுத்து ஒரு பைட், தமிழில் ஒவ்வொரு குறியும் 3 பைட். "மதகு" மூன்று எழுத்துதான், ஆனால் உகரக் குறியோடு நான்கு குறி, 12 பைட். '.md' என்ற கோப்புப் பின்னொட்டுக்கு 3 பைட் போனால் மீதி 84 குறிகள். புள்ளியும் உயிர்க்குறியும் தனித்தனியாகக் கணக்காவதால் கண்ணால் எண்ணினால் ஏறக்குறைய 45, 50 எழுத்து. விண்டோஸ் பைட்டை எண்ணுவதில்லை, அதனால் லேப்டாப்பில் பிழை தெரியவில்லை.

தலைப்பை 30 எழுத்துக்குள் வையுங்கள். சிங்க் மோதினால் சிங்திங் தேதியும் நேரமும் சேர்த்து நீளமான பெயரில் இன்னொரு கோப்பு உருவாக்கும். அதற்கும் இடம் வேண்டும்.

சுவடிக்கட்டு:

வராமல் நின்ற கோப்புகளின் பட்டியல் போனில் சிங்திங்கின் 'ஃபெயில்ட் ஐட்டம்ஸ்' பகுதியில் இருக்கும். பெயர் மாற்றுவதை அப்சிடியனுக்குள்ளேயே எஃப்2 அழுத்திச் செய்யுங்கள். இணைப்புகளும் சேர்ந்து மாறும். விண்டோஸ் எக்ஸ்ப்ளோரரில் மாற்றினால் அறுந்துவிடும். அரசாணையின் முழுத் தலைப்பைக் குறிப்பின் மேலே பிராப்பர்ட்டீஸில் 'அலையஸஸ்' புலத்தில் போடுங்கள், கன்ட்ரோல்+ஓ அழுத்தித் தேடும்போது அதுவும் வரும்.

அதே இடத்தில் மூலம், பக்க எண் என்று இரண்டு புலம் இப்போதே சேர்த்துவிடுங்கள். அறிவுக்களஞ்சியம் என்று சொல்லப்படுபவை பலவும் பயனற்றுப் போவது இதில்தான்: மேற்கோள் இருக்கும், எந்த நூலின் எந்தப் பக்கம் என்று இருக்காது. சமூகவியலாளர் நிக்லாஸ் லூமானின் 90,000 அட்டைகள் இன்றும் ஆய்வாளர்களுக்குப் பயன்படக் காரணம் ஒவ்வொரு அட்டைக்கும் எண்ணும், மற்ற அட்டைகளுக்குச் சுட்டும் இருப்பது. கிராஃப் வியூவில் (குறிப்புகளின் இணைப்புகளைப் படமாகக் காட்டும் பகுதி) நேரம் போக்க வேண்டாம், பார்க்க அழகே தவிர எதையும் கண்டுபிடிக்க உதவாது. 'மதகு', 'கலிங்கு', 'குடிமராமத்து' என்று பொருளுக்கு ஒரு மையக் குறிப்பு வைத்து, தொடர்புடையவற்றை ஒரு வரி விளக்கத்தோடு அங்கே இணைத்துக்கொண்டே வாருங்கள்.

டேக் வைக்கும்போது ஒன்று: #1934 என்று வெறும் எண்ணை அப்சிடியன் டேக்காக ஏற்காது, இடைவெளியும் கூடாது. #ஆண்டு-1934 என்று எழுதுங்கள்.