கற்பனை நாட்டு மொழிக்கு ஒலியன் அமைப்பதில் சிக்கல், உதவி தேவை

கேட்டவர்:
வணக்கம். ஒரு மாயக்கதை நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்த நாட்டில் இரண்டு இனங்கள். ஒன்று மலைமக்கள். இன்னொன்று அலகர்: மனித உடல், வாய் இருக்கும் இடத்தில் பறவை அலகு. முதலில் மலைமக்கள் மொழிக்கு உட்கார்ந்து 41 ஒலிகளைப் பட்டியல் போட்டேன். அங்கிருந்துதான் தொல்லை.

அவர்கள் மொழியில் 'கர்' என்றால் காவலன். அதில் வருவது 'கடல்' என்ற சொல்லில் உள்ள க. துரோகிக்கும் 'கர்'தான், ஆனால் அதில் வருவது 'தங்கம்' என்ற சொல்லில் உள்ள க. ஒருவன் இந்த இரண்டையும் மாற்றிக் கேட்டுவிடுவதில்தான் கதையே திரும்புகிறது. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. சுலோகப் புத்தகங்களில் போடுவது போல க³ர் என்று எண் போட்டுப் பார்த்தேன். உரையாடலுக்கு நடுவே கண்ணை உறுத்துகிறது. வாசித்துப் பார்த்த தோழியும் இரண்டையும் ஒரே மாதிரிதான் வாசித்தாள்.

இன்னொன்று, பெயர்கள். க்ஷ்தோர், ட்ரக்வன், பாவுமி, ஈலேன்... எல்லாம் ஒரே ஊர்க்காரர்களின் பெயராகத் தோன்றவே இல்லை. ஒலிகளைக் குறைக்க வேண்டுமா?

பதில் 1:
நண்பரே, உங்கள் பட்டியலில் இருப்பவை 41 ஒலிகள். அவற்றில் ஒலியன்கள் எத்தனை என்பதுதான் முதலில் பார்க்க வேண்டியது. ஓர் ஒலியை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இன்னொன்றை வைத்தால் பொருள் மாறுகிறதா? மாறினால் இரண்டும் தனித்தனி ஒலியன்கள். தலை, தளை, தழை: இடையில் ஒரே ஓர் ஒலிதான் மாறுகிறது, மூன்றும் மூன்று பொருள். ஆனால் கடல், அகல், தங்கம் ஆகியவற்றைச் சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். முதலில் வல்லென்று ஒலிக்கும் க, அகலில் கிட்டத்தட்ட மூச்சாகத் தளர்கிறது, ங் பக்கத்தில் வந்ததும் அதிர்கிறது. காதுக்கு மூன்று ஒலி, தமிழுக்கு ஒரே ஒலியன். எந்த இடத்தில் எது வரும் என்பது நம் நாவுக்கே தெரியும் என்பதால்தான் ஓர் எழுத்து போதுமானதாக இருக்கிறது.

உங்கள் தோழி மேல் தவறே இல்லை. தமிழ்க் கண்ணுக்குத் தெரியாத ஒரு வேறுபாட்டில் கதையின் முடிச்சைப் போட்டிருக்கிறீர்கள். அதைத் தமிழ் எழுத்து காட்டும் வேறுபாட்டுக்கு மாற்றிவிடுங்கள். காவலன் 'ஓகர்', துரோகி 'ஓக்கர்' என்று வைத்துப் பாருங்கள். வாசகர் எந்தக் குறியும் இல்லாமலே முதலாவதை மென்மையாகவும் இரண்டாவதை அழுத்தியும் வாசிப்பார். அந்த அதிரும் ஒலியும் வேண்டுமென்றால் 'ஓங்கர்' என்று ஒரு சொல் சேர்த்துக்கொள்ளலாம். மேலே சொன்ன மூன்று க ஒலிகளும் கிடைத்துவிடும். குறில் நெடில், ல ள ழ எல்லாமும் இதே மாதிரி கைகொடுக்கும். ர, ற வேண்டாம். பேச்சில் பலர் இரண்டையும் ஒன்றாகவே சொல்கிறோம், காதில் விழாது.

பதில் 2:
41 அதிகமில்லை. பப்புவா நியூ கினியின் பூகன்வில் தீவில் பேசப்படும் ரோட்டோகாஸ் மொழிக்குச் சுமார் 11 ஒலியன்கள்தான். போட்ஸ்வானாவிலும் நமீபியாவிலும் பேசப்படும் தா மொழியில், நாக்கைச் சொடுக்கி எழுப்பும் ஒலிகளையும் சேர்த்து, நூறைத் தாண்டுகிறது. இரண்டுமே முழுமையான மொழிகள்.

உங்கள் பெயர்கள் ஒட்டாததற்குக் காரணம் எண்ணிக்கை இல்லை, வரிசை. எந்த ஒலி சொல்லின் முதலில் வரலாம், எதன் பக்கத்தில் எது நிற்கலாம் என்ற விதியே நீங்கள் வைக்கவில்லை. தொல்காப்பியம் மெய்ம்மயக்கம், மொழிமுதல், மொழியிறுதி என்று பேசுவது இதைத்தான். லங்கா இலங்கை ஆனதும் அந்த விதியால்தான். ஹவாய் மொழியில் இரண்டு மெய்கள் அடுத்தடுத்து வராது, ஒவ்வோர் அசையும் உயிரில்தான் முடியும். ஹோனலூலூ என்ற ஒரு பெயரைக் கேட்டாலே அந்த மொழியின் நடை பிடிபட்டுவிடுகிறது, இல்லையா?

மலைமக்களுக்கு ஒரே ஒரு வலுவான விதி கொடுங்கள். உதாரணமாக, சொல் ழகரத்தில் தொடங்கலாம். 'ழகன்', 'ழேரி'. தமிழில் எந்தச் சொல்லும் ழகரத்தில் தொடங்காது என்பதால், வாசகர் முதல் எழுத்திலேயே வேறு நாட்டுக்குள் வந்துவிட்டதை உணர்வார். அப்புறம், க்ஷ்தோரை விட்டுவிடுங்கள்.

கேட்டவர்:
ஓகர், ஓக்கர் அருமை! தோழியிடம் எதுவும் சொல்லாமல் அந்தப் பக்கத்தை மட்டும் கொடுத்தேன், சரியாகப் பிரித்து வாசித்தாள். மிக்க நன்றி.

இப்போது அலகர். உதடே இல்லாதவர்களுக்கு எந்த ஒலிகளை எடுத்துவிட வேண்டும்? ஆனால் கிளிக்கும் உதடு இல்லை, அது 'அம்மா' என்கிறதே?

பதில் 3:
தொல்காப்பியத்தின் பிறப்பியலைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள், வேலை பாதி முடிந்தது. "இதழ் இயைந்து பிறக்கும் பகார மகாரம்." ஆக ப, ம போயின. வகரம் பல்லும் இதழும் சேர்ந்து பிறப்பது, அதுவும் போயிற்று. பலரும் மறப்பது உயிர்களை: உ, ஊ, ஒ, ஓ, ஔ ஐந்தும் இதழ் குவிந்து வருபவை. மிஞ்சுவது அ, ஆ, இ, ஈ, எ, ஏ, ஐ.

கிளி பேசுவது வேறு வழியில். மூச்சுக்குழல் இரண்டாகப் பிரியும் இடத்தில் அதற்கு ஓர் ஒலிப்பெட்டி இருக்கிறது. அங்கிருந்து எழுப்பி நம் ஒலியைப் போலவே செய்கிறது. நீங்கள் விரும்பினால் அலகருக்கும் அதைக் கொடுக்கலாம். என்னைக் கேட்டால் வேண்டாம் என்பேன். இல்லாத ஒலிகள்தான் அவர்கள் பேச்சுக்கு முகம் கொடுக்கும்.

இதைவிட முக்கியமான ஒன்று. அலகர் மலைமக்களின் பெயர்களைச் சொல்ல நேர்ந்தால், இல்லாத ஒலிக்கு எது வரும் என்று இப்போதே முடிவு செய்யுங்கள், பிறகு ஓரிடத்திலும் மீறாதீர்கள். ஒலி மாற்றம் ஒழுங்காக நடந்தால்தான் நம்பும்படி இருக்கும். நம் பால் கன்னடத்தில் ஹாலு, பள்ளி ஹள்ளி. ஒரு சொல்லில் மட்டும் நடந்ததில்லை அது. உங்களுக்கு ப க ஆகட்டும், வ ய ஆகட்டும், ம ன ஆகட்டும், உ இ ஆகட்டும். பாவுமியை அவர்கள் 'காயினி' என்பார்கள்.

கேட்டவர்:
காயினி! அவளை அலகர் முதன்முதலாகக் கூப்பிடும் இடத்தை இன்றைக்கே திருத்தி எழுதப் போகிறேன். தன் பெயர்தான் என்று தெரியாமல் அவள் திரும்பாமலே நடந்துபோகட்டும்.

ஒரே ஒரு சந்தேகம். அலகருக்கு ஓ இல்லையே, ஓகரும் ஓக்கரும் அவர்கள் வாயில் ஒன்றாகிவிடுமா?

பதில் 1:
ஆகாது. ஓ இருந்த இடத்தில் ஆ வைத்தால் 'ஆகர்', 'ஆக்கர்'. பொருளைப் பிரிப்பது அந்த ஒற்று, அதற்கு உதடு தேவையில்லை.