கூட்டரசு சாலை 1: பழைய ஈப்போ சாலையை அகலப்படுத்துவதா, பாரம்பரியச் சாலையாகக் காப்பதா?

செந்தூல்வாசி:
ஈப்போவுக்குப் போவதென்றால் மலேசியாவில் இன்று எல்லாரும் டோல் கட்டிப் போகும் பிளஸ் நெடுஞ்சாலையைத்தான் பிடிக்கிறோம். அது வருவதற்கு முன்பு இருந்தது ஒரே வழி. ஜாலான் ஈப்போவில் கிளம்பி, செலாயாங், ரவாங், செரண்டா, பத்தாங் காலி, ராசா, கோலகுபு பாரு, கெர்லிங், கலும்பாங் என்று ஊர் ஊராகத் தொட்டுக்கொண்டு தஞ்சோங் மாலிம் போகும் கூட்டரசு சாலை 1. வடக்கே புக்கிட் காயு ஹீத்தாமில் இருந்து தெற்கே ஜோகூர் பாரு வரை ஓடும் சாலையின் ஒரு துண்டுதான் இது.

ரவாங்குக்கு வடக்கே இந்தச் சாலையை நான்கு தடமாக்க வேண்டும் என்று இந்தக் குழுவில் சிலர் எழுதி வருகிறார்கள். அகலப்படுத்துவது இருக்கட்டும். அதற்கு முன் கோலாலம்பூரிலிருந்து தஞ்சோங் மாலிம் வரை உள்ள பகுதியைப் பாரம்பரியச் சாலையாக அறிவிக்க வேண்டும் என்பது என் கோரிக்கை. ஒவ்வோர் ஊரிலும் ஒரு பலகை வேண்டும். அதில் தமிழும் இருக்க வேண்டும். பொதுப்பணித் துறையின் லயங்களில், அதாவது வரிசை வீடுகளில் தங்கி, கல் உடைத்து, மண் சுமந்து இந்தச் சாலையைப் போட்டவர்களில் மிகப் பெரிய பங்கு நம் ஆட்கள். அவர்கள் பெயர் எங்கேயும் இல்லை. பெயர் கிடைக்காவிட்டாலும் அவர்கள் செய்த வேலையையாவது எழுதி வைக்கலாம் அல்லவா?

ரவாங்காரன்:
அண்ணே, உங்கள் ஆதங்கம் புரிகிறது. ஆனால் இந்தச் சாலையில் தினமும் போய் வருகிறவன் நான். செரண்டா தாண்டியதும் நடுவில் தடுப்பு இல்லாத இரண்டு தடம். முன்னால் மணல் லோரி போகும், பின்னால் பொறுமை இழந்த கார் வரும், வளைவில் எதிரே வருவது தெரியாது. ஒரு மோட்டார் சைக்கிள்காரன் முந்தப் பார்த்தால் உயிர் போகிறது. எங்கள் தாமான் குடியிருப்பிலேயே இழவு விழுந்த வீடு உண்டு.

பாரம்பரியம் என்று ஒரு முத்திரை குத்திவிட்டால் ஒவ்வொரு வளைவையும் நேராக்க ஓர் அனுமதி, ஓர் ஆய்வு, ஒரு கூட்டம். ரவாங் மாற்றுச் சாலை 2017 நவம்பரில்தான் திறந்தது. அதற்கு நாங்கள் எத்தனை வருடம் ரவாங் சந்தியில் நெரிசலில் கிடந்தோம் என்று கேட்டுப் பாருங்கள். காஞ்சிங் காட்டை அழிக்கக் கூடாது என்று 58 மீட்டர் உயரத் தூண்கள் நிறுத்தி மேலே கொண்டுபோனார்கள். காட்டுக்காகக் காத்திருந்தோம், சரி, அது நியாயம். பலகைக்காகவும் காத்திருக்கச் சொல்லாதீர்கள்.

வரலாற்று மாணவி:
இரண்டு பேரும் இதை ஒரே சாலை போலப் பேசுகிறீர்கள். ஆரம்பத்தில் அப்படி ஒரு சாலையே இல்லை. ஈயச் சுரங்கத்திலிருந்து ஆற்றுத் துறைக்கும் கடலுக்கும் போகும் தனித்தனி வண்டித் தடங்கள்தான் இருந்தன. அந்தக் காலத்து ரயில் பாதைகளைப் பாருங்கள். 1885-இல் தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்ட், 1886-இல் கோலாலம்பூரிலிருந்து கிள்ளான் பக்கம், 1891-இல் சிரம்பானிலிருந்து போர்ட் டிக்சன், 1893-இல் தாப்பா ரோட்டிலிருந்து தெலுக் ஆன்சன். எல்லாமே மலையடிவாரத்திலிருந்து கடலைப் பார்த்துப் போகின்றன. வடக்கு தெற்காக இணைக்க வேண்டிய தேவை 1896-இல் பேராக், சிலாங்கூர், நெகிரி செம்பிலான், பகாங் நான்கும் ஒரே கூட்டாட்சியின் கீழ் வந்த பிறகுதான் வலுத்தது. பினாங்குத் தீவுக்கு எதிரே உள்ள பிறை என்ற ஊருக்கும் ஜோகூர் பாருவுக்கும் ரயில் இணைந்தது 1909-இல். சிங்கப்பூர்த் தரைப்பாலம் 1924. மோட்டார் வண்டி பெருகிய அந்தக் காலத்தில்தான் துண்டு துண்டாக இருந்தவை ஒரே நெடுஞ்சாலையாகத் தைக்கப்பட்டன.

அதனால் செந்தூல்வாசி அண்ணனுக்கு என் கேள்வி: எந்த வருடத்துச் சாலையைக் காக்கப் போகிறீர்கள்? கோலகுபுவையே எடுத்துக்கொள்ளுங்கள். 1883-இல் அணை உடைந்து ஊர் அழிந்தது. அப்புறம் சுரங்க மண் ஆற்றை மேடாக்கி வெள்ளத்தின் மேல் வெள்ளம். கடைசியில் ஊரையே மேட்டுக்கு நகர்த்திக் கோலகுபு பாரு ஆக்கினார்கள். ஊரே இடம் மாறும்போது சாலை மட்டும் மாறாமலா இருக்கும்?

செந்தூல்வாசி:
தங்கச்சி, சாலை மாறவே இல்லை என்று நான் எங்கே சொன்னேன்? மாற்றிய ஒவ்வொரு தடவையும் மண் வெட்டியவன் யார் என்றுதான் கேட்கிறேன். 1907-இல் இந்தியக் குடியேற்ற நிதி என்று ஓர் ஏற்பாடு வந்தது. தமிழ்நாட்டிலிருந்து ஆள் கொண்டுவரும் செலவை, இங்கே வேலைக்கு வைக்கிறவர்கள் கட்டும் பணத்திலிருந்து கொடுத்தார்கள். அப்படி வந்தவர்கள் ரப்பர் தோட்டத்துக்கு மட்டும் போகவில்லை. சாலை, ரயில்வே, நகராட்சி எல்லாவற்றுக்கும் போனார்கள். தோட்டத்துக்காவது ஒரு பெயர் இருந்தது, கோயில் இருந்தது, பள்ளி இருந்தது. சாலைக் கூலிக்கு என்ன இருந்தது? ஒரு மைல் முடிந்தால் அடுத்த மைல்.

பிரிக்பீல்ட்ஸ் பெரியவர்:
நான் ரயில்வே குவார்ட்டர்ஸில் பிறந்தவன். என் கருத்தையும் சொல்கிறேன். நம் சரித்திரம் ரயிலில்தான் இருக்கிறது. பிரிக்பீல்ட்ஸும் செந்தூலும் ரயில்வேயால் வளர்ந்த ஊர்கள். பணிமனையில் தமிழர்கள், நிலையங்களிலும் அலுவலகங்களிலும் யாழ்ப்பாணத்துக்காரர்கள். ஆவணமும் இருக்கிறது, கட்டடமும் இருக்கிறது. சாலைக்கு என்ன சான்று காட்டுவீர்கள்? தார் மேல் தார் போட்டு மூடியாகிவிட்டது. கையில் இருப்பதை முதலில் காப்பாற்றுங்கள். செந்தூல் பணிமனையில் மிச்சம் என்ன இருக்கிறது என்று யாராவது போய்ப் பார்த்தீர்களா?

செந்தூல்வாசி:
ஐயா, செந்தூலில் இருக்கிற எனக்கு அந்த வலி தெரியும். ஆனால் சான்று குறைவு என்பதால் சாலைக்காரர்களை விட்டுவிட்டால், எழுதி வைக்கப்பட்டவர்களுக்கு மட்டும்தான் சரித்திரம் என்று ஆகிவிடும். தோட்டத்து மக்கள் மருத்துவமனைக்கும் சந்தைக்கும் படம் பார்க்கவும் நடந்து போனது இந்தச் சாலையில்தான். ரவாங்கையே பாருங்கள். 1894-இல் அங்கே ஈயச் சுரங்கத்துக்கு மின்சாரம் கொண்டுவந்தவர்கள் சீனத் தொழிலதிபர் லோக் இயூவும் நம் தம்புசாமிப் பிள்ளையும். மலாயாவிலேயே முதல் மின்சாரம் என்று அதைச் சொல்வார்கள். பத்துமலைக் கோயிலுக்கு அடித்தளம் போட்ட அதே பிள்ளை. ரவாங் வழியாகப் போகிற நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

பத்துமலை லோரி:
எல்லாரும் படித்தவர்கள் பேசுகிறீர்கள். சாலையில் ஓடுகிறவன் பேசுகிறேன். பழைய சாலையில் லோரி ஏன் வருகிறது என்று ரவாங் தம்பி கோபப்படுகிறார். எங்களுக்கு ஏற்ற வேண்டிய சரக்கே இந்த ஊர்களில்தான் இருக்கிறது. மணல், கல், செம்பனைக் குலை, சிமெண்டு. ரவாங் சிமெண்டு ஆலை நேற்று வந்ததா? அப்புறம் டோல். 2020 பிப்ரவரியில் பிளஸ் டோலை 18 விழுக்காடு குறைத்தார்கள், நல்லதுதான். அதற்குப் பதிலாக ஒப்பந்தத்தை 2058 வரை நீட்டினார்கள். என் பேரன் ஓட்டும் காலத்திலும் டோல் கட்டுவான். சின்ன முதலாளிக்கு வேலை செய்கிறவனுக்கு அந்தக் காசு ஒரு நாள் சாப்பாடு.

ஏழைகளுக்கு மிச்சம் இருக்கிற இலவசச் சாலை இது. அதைச் சுற்றுலாச் சாலையாக்கி, லோரிக்குத் தடை போட்டுவிடாதீர்கள். பாரம்பரியம் என்று பேச்சு ஆரம்பித்தால் அடுத்தது அதுதான் வரும்.

ரவாங்காரன்:
அண்ணே, லோரி மேல் எனக்குக் கோபம் இல்லை. லோரியும் மோட்டார் சைக்கிளும் ஒரே தடத்தில் உரசிக்கொண்டு போக வைத்திருக்கிறார்களே, அதன் மேல்தான் கோபம். இலவசச் சாலை ஏழைகளுக்கு என்கிறீர்கள். மோட்டார் சைக்கிளுக்குப் பிளஸிலும் டோல் கிடையாது. அப்படியிருந்தும் பத்தாங் காலியில் இருக்கிற பையன் ரவாங்கில் வேலைக்குப் போக இந்தச் சாலையில்தான் வர வேண்டும், நெடுஞ்சாலையைப் பிடிக்கச் சுற்றிக்கொண்டு போக முடியாது. அதனால்தான் இங்கே நடுத்தடுப்பு வேண்டும் என்கிறேன். நீங்கள் சொன்ன அதே ஏழைக்காகத்தான் நானும் பேசுகிறேன்.

தாப்பாப் பொண்ணு:
இப்போது செத்தாப்பாக்கில் இருக்கிறேன். வளர்ந்தது தாப்பா. பிளஸ் முழுவதும் திறந்தது 1994 செப்டம்பரில். அதற்கு முன் பினாங்குப் பேருந்து, ஈப்போ டாக்சி எல்லாம் ஊருக்குள் நின்றுதான் போகும். தஞ்சோங் மாலிமில் பாவ், பீடோரில் கொய்யா, எங்கள் ஊரில் பெத்தாய், பழம். ஊருக்கு வெளியே நெடுஞ்சாலை போனதும் பல கடைகள் படுத்துவிட்டன. எங்கள் உறவினர் கடையும் அதில் ஒன்று. பலகையை ரவாங்கில் ஒன்று, ராசாவில் ஒன்று வைத்து, தஞ்சோங் மாலிமோடு நிறுத்திவிட்டால் எப்படி? பேராக் பக்கம் இருக்கிற சாலைக்கும் அதே கதைதானே? ம.இ.கா. தலைவராக இருந்த சம்பந்தன் ஐயாவின் சுங்கை சிப்புட்டும் இதே சாலையில்தான் இருக்கிறது.

வரலாற்று மாணவி:
அக்கா சொல்வதை நான் ஆதரிக்கிறேன், வேறு ஒரு காரணத்துக்காக. இரண்டாம் உலகப் போரைச் சேர்க்காமல் இந்தச் சாலையின் வரலாற்றை எழுத முடியாது. 1942 ஜனவரி 7 விடியற்காலையில் ஜப்பானிய டாங்கிகள் துரோலாக் பக்கமிருந்து இந்தச் சாலையிலேயே இறங்கி, சிலிம் ரீவர் பாலத்தைப் பிடித்தன. எதிரே நின்ற 11-ஆவது இந்தியப் படைப்பிரிவு சில மணி நேரத்தில் சிதறியது. பஞ்சாபியரும் ஐதராபாத் படையினரும் கூர்க்காக்களும் அங்கே மடிந்தார்கள். அதற்குச் சில நாள் முன்பு கம்பாரில் அதே படைப்பிரிவு நன்றாகத் தாக்குப் பிடித்திருந்தது.

இந்த விவாதத்துக்கு அதில் ஒரு முக்கியமான செய்தி இருக்கிறது. போருக்கு முன்பே இந்தச் சாலையின் வளைவுகளை நேராக்கியிருந்தார்கள். கைவிட்ட பழைய வளைவுகள் ரப்பர் தோட்டத்துக்குள் அப்படியே கிடந்தன. ஜப்பானியர் அவற்றுக்குள் டாங்கிகளை விட்டு, சாலையை மறித்திருந்தவர்களைப் பக்கவாட்டில் சுற்றி வளைத்தார்கள். ஆக, நேராக்குவது இந்தச் சாலைக்குப் புதிதல்ல. ரவாங்காரன் அண்ணன் கேட்கிறபடி நேராக்கட்டும், தடுப்புப் போடட்டும். வெட்டிவிடும் பழைய வளைவை மட்டும் அழிக்காமல் ஊர் மக்கள் மெதுவாகப் போகும் வழியாக விட்டால், பலகையை அங்கே வைக்கலாம். நிழல் இருக்கும், வண்டியை நிறுத்திப் படிக்கவும் முடியும்.

ரவாங்காரன்:
கேட்க நன்றாக இருக்கிறது. யார் பராமரிப்பது? அப்படி விட்ட சாலைத் துண்டு ஒன்று எங்கள் பக்கம் இருக்கிறது. இரவோடு இரவாகக் கட்டடக் குப்பையைக் கொட்டிவிட்டுப் போகிறார்கள். கூட்டரசு சாலை என்பதால் பிரதான சாலையின் செலவு மத்திய அரசுடையது. வெட்டிவிட்ட வளைவு யார் கணக்கில் வரும்? மாநிலம் மத்தியைக் காட்டும், மத்தி நகராண்மைக் கழகத்தைக் காட்டும். பொறுப்பு யாருக்கு என்று முதலில் எழுதி வாங்குங்கள். அப்புறம் வளைவைப் பற்றிப் பேசலாம்.

பிரிக்பீல்ட்ஸ் பெரியவர்:
அந்தக் கேள்விக்குப் பதில் இல்லாமல் எந்தப் பலகையும் நிற்காது. அதையும் மீறிச் செய்வதென்றால் ரயிலையும் சேருங்கள். ரவாங், செரண்டா, பத்தாங் காலி, ராசா, தஞ்சோங் மாலிம் எல்லாவற்றிலும் நிலையம் இருக்கிறது, சாலையும் தண்டவாளமும் கூப்பிடு தூரத்தில் போகின்றன. நிலையத்துக்கு ஏற்கெனவே பொறுப்பாளர் உண்டு, விளக்கு உண்டு, நடந்து வரும் மக்கள் உண்டு. பலகையை நிலைய வாசலில் வைத்தால் குப்பையும் கொட்ட மாட்டார்கள்.

செந்தூல்வாசி:
ஐயா, இது நல்ல யோசனை. நிலைய வாசலுக்கு நான் சம்மதம். ஆனால் கோலகுபு பாருவுக்கும் கெர்லிங்குக்கும் சாலையோரத்தில்தான் வைக்க வேண்டும், அதை விட்டுக்கொடுக்க மாட்டேன். கோலகுபுவிலிருந்துதான் மலை ஏறி ராவுப்புக்கும் பகாங்குக்கும் சாலை பிரிந்தது. அந்தக் கணவாயில் கல் உடைத்தவர்களைப் பற்றி நிலைய வாசலில் எழுதினால் பொருந்தாது.

பொதுப்பணி அமைச்சுக்கு மனு எழுதுகிறேன். இரண்டையும் தனித்தனிக் கோரிக்கையாகவே வைக்கிறேன், ஒன்றுக்காக மற்றது நிற்காது. செரண்டாவிலிருந்து நடுத்தடுப்பு என்பது முதல் கோரிக்கை. அதை ரவாங் தம்பியே எழுதட்டும், எந்த வளைவு, எந்தச் சந்தி என்று அவருக்குத்தான் தெரியும். பலகைகள் இரண்டாவது. பேராக் பகுதியைத் தாப்பா அக்கா எழுதினால் சேர்த்துக்கொள்கிறேன்.

ரவாங்காரன்:
எழுதித் தருகிறேன். ஆனால் என் பக்கத்தில் 'பாரம்பரியச் சாலை' என்ற பேச்சு வராது. பலகைக்கு நான் எதிரி இல்லை, அறிவிப்புக்குத்தான் எதிரி.

பத்துமலை லோரி:
மூன்றாவதாக ஒன்றைச் சேருங்கள். ரவாங்குக்கும் தஞ்சோங் மாலிமுக்கும் நடுவில் லோரியை ஒதுக்கி நிறுத்த ஒழுங்கான இடம் வேண்டும். தூக்கம் கண்ணைக் கட்டும்போது இப்போது புல் ஓரத்தில்தான் நிறுத்துகிறோம், பின் சக்கரம் தாரிலேயே நிற்கிறது. தம்பி சொல்கிற விபத்தில் பாதி அங்கேதான் நடக்கிறது என்பேன். அகலப்படுத்தும் வரைபடத்திலேயே அதைக் குறித்து அனுப்புங்கள்.