ஸ்விட்ச் ஆல்பம் நிரம்பிடுச்சு, ஆனா கார்டுல இடம் நிறைய இருக்கு. படங்களை மொத்தமா எப்படி வெளியே எடுக்கறது?

மூணாவது_பட்டன் (கேள்வி)

என்னோடது நின்டெண்டோ ஸ்விட்ச் கேம் கன்சோல், ஓஎல்ஈடி மாடல். திரையைப் படம் பிடிக்கற கேப்சர் பட்டனை அழுத்தினா பழைய படங்களை அழிக்கச் சொல்லுது. மைக்ரோஎஸ்டி கார்டுல பாதிக்கு மேல காலியாதான் இருக்கு, அப்புறம் ஏன்?

போனுக்கு அனுப்பிப் பார்த்தா ஒரு தடவைக்கு 10 படம்தான் போகுது. அதுலயும் ரெண்டாவது க்யூஆர் கோடுக்கு அப்புறம் பக்கம் சுத்திக்கிட்டே நிக்குது. டாக்ல (டிவியோட இணைக்கற தாங்கி) இருக்கும்போது கம்ப்யூட்டரோட யூஎஸ்பில இணைச்சா எதுவுமே தெரியலை. போன்ல ஏறின சில படங்களும் போட்டோ ஆப்ல இன்னிக்குத் தேதியில வரிசையா நிக்குது, எடுத்த தேதி போயிடுச்சு.

கூடவே இன்னொண்ணு: பிஎஸ்5 (பிளேஸ்டேஷன் 5) வீடியோ கிளிப்பை பென்டிரைவ்ல காப்பி பண்ணினா ஐபோன்ல திறக்கலை. இதுக்கும் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

நெய்தல்

முதல்ல ஏன் நிரம்புச்சுன்னு பார்த்துடுவோம். ஸ்விட்ச் ஆல்பத்துக்கு இடம் மட்டும் கணக்கு இல்லை, எண்ணிக்கையும் கணக்கு. உள் நினைவகத்துல 1,000 ஸ்கிரீன்ஷாட், 100 வீடியோ. மைக்ரோஎஸ்டில 10,000 ஸ்கிரீன்ஷாட், 1,000 வீடியோ. எத்தனை ஜிபி காலியா இருந்தாலும் இந்த எண்ணைத் தொட்டா கதவு மூடிடும். உங்களுது அநேகமா உள் நினைவகத்துலயே சேமிச்சுக்கிட்டு இருக்கு. ஆல்பத்தைத் திறந்தா ரெண்டு இடத்துப் படமும் கலந்தே தெரியுறதால இது கண்ணுல படாது.

சிஸ்டம் செட்டிங்ஸ் போய், டேட்டா மேனேஜ்மென்ட், அதுக்குள்ள மேனேஜ் ஸ்கிரீன்ஷாட்ஸ் அண்ட் வீடியோஸ். அங்க சேவ் லொக்கேஷனை மைக்ரோஎஸ்டின்னு மாத்துங்க. இனிமே எடுக்கறது கார்டுக்குப் போகும். ஏற்கெனவே உள்ள இருக்கறதை அதே பக்கத்துல இருந்து கார்டுக்கு மொத்தமா காப்பி பண்ணலாம். ஒண்ணு கவனிங்க, அது காப்பி, நகர்த்தறது இல்லை. உள்ள இருக்கற 1,000 அப்படியேதான் இருக்கும், நீங்களா அழிக்கற வரைக்கும்.

அடுத்தது யூஎஸ்பி. 2020 கடைசியில வந்த 11.0.0 அப்டேட்லதான் இந்த வசதி சேர்ந்துச்சு. டாக் வழியா வேலை செய்யாது. கன்சோலை டாக்ல இருந்து எடுத்து, அடியில இருக்கற டைப்-சி துளையில கேபிளை நேரா செருகணும். அதே மேனேஜ் ஸ்கிரீன்ஷாட்ஸ் பக்கத்துல "காப்பி டு எ கம்ப்யூட்டர் வயா யூஎஸ்பி கனெக்ஷன்" இருக்கும், அதை அழுத்தின பிறகுதான் விண்டோஸ்ல ஸ்விட்ச் ஒரு சாதனமா எட்டிப் பார்க்கும். அழுத்தியும் சார்ஜ் மட்டும் ஏறுதுன்னா கேபிளைச் சந்தேகப்படுங்க. சில கேபிள்ல டேட்டா கம்பியே கிடையாது, மின்சாரத்துக்கான கம்பி மட்டும்தான். வெளியில இருந்து பார்த்தா வித்தியாசம் தெரியாது. போனை அதே கேபிள்ல இணைச்சு ஃபைல் தெரியுதான்னு பார்த்தா ஒரு நிமிஷத்துல முடிவு தெரிஞ்சிடும்.

ஃபோல்டர்கள் கேம் பெயர்லயே பிரிஞ்சு வரும், அது ஒரு வசதி. ஆனா எல்லாத்தையும் ஒரே தேர்வுல இழுத்துப் போடாதீங்க. இந்த இணைப்பு எம்டிபி வகை, பென்டிரைவ் மாதிரி இல்லை. ஒவ்வொரு ஃபைலையும் கன்சோல்கிட்ட கேட்டுக் கேட்டு வாங்கும். ஆயிரத்தை ஒண்ணா கேட்டா நடுவுல தொங்கிடும், எது வந்துச்சு எது வரலைன்னும் தெரியாது. ஒரு கேம் ஃபோல்டர், அது முடிஞ்சதும் அடுத்தது. எக்ஸ்ப்ளோரர்ல பெரிய ஐகான் காட்சியை மாத்தி லிஸ்ட் காட்சியில வைங்க, சின்னப் படம் உருவாக்கறதுக்கே பாதி நேரம் போயிடும். காப்பி ஓடுற வரைக்கும் கன்சோல் திரையை அப்படியே விட்டுடுங்க, அந்த நேரத்துல விளையாட முடியாது.

கார்டுக்காரன்

இவ்வளவு சுத்த வேண்டியதே இல்லை. படம் எல்லாம் கார்டுல இருந்தா, கார்டைக் கழட்டி ரீடர்ல போட்டு காப்பி பண்ணிக்கலாம். நின்டெண்டோ ஃபோல்டர், அதுக்குள்ள ஆல்பம், அதுக்குள்ள ஆண்டு, மாதம், நாள். கேம் டேட்டாவெல்லாம் பூட்டி வெச்சிருப்பாங்க, ஆனா படமும் வீடியோவும் சாதாரண ஜேபிஜி, எம்பி4 தான். எம்டிபியை விட ரொம்ப வேகம்.

நெய்தல்

கார்டு வழிதான் வேகம், மறுக்கலை. ஆனா "கழட்டி"ன்னு ஒரே வார்த்தையில சொல்லிட்டீங்க, அங்கதான் தப்பு நடக்கும். பவர் பட்டனை லேசா அழுத்தினா கன்சோல் தூங்கும், அணையாது. அந்த நிலையில கார்டை உருவினா பிழைச் செய்தி வந்து மறுபடி ஸ்டார்ட் பண்ணச் சொல்லும். ஓடிக்கிட்டிருந்த கேம்ல சேவ் பண்ணாதது போச்சு. பவர் பட்டனை மூணு விநாடி பிடிச்சு, பவர் ஆப்ஷன்ஸ், டர்ன் ஆஃப். அதுக்கப்புறம்தான் கார்டுல கை வைக்கணும்.

மேக் வெச்சிருக்கறவங்க இன்னும் கொஞ்சம் கவனமா இருக்கணும். கார்டுல இருந்து படிச்சுக்கிட்டா போதும், அதுல எதையும் எழுதாதீங்க. மேக் தன் பங்குக்குப் புள்ளியில ஆரம்பிக்கற மறை ஃபைல்களைக் கார்டுல தூவிட்டுப் போகும், அது பிறகு ஸ்விட்ச்ல தொல்லை. யூஎஸ்பி வழின்னாலும் மேக்ல எம்டிபி ஆதரவு உள்ளயே கிடையாது, ஓப்பன்எம்டிபி மாதிரி ஒரு செயலி தேவைப்படும்.

தேதி_தேடி

தேதி விஷயத்துக்கு வருகிறேன். கவலை வேண்டாம், தேதி எங்கும் போகவில்லை. கார்டில் உள்ள ஃபைல் பெயரைப் பாருங்கள். இப்படி இருக்கும்:

2024011521304500, பிறகு ஒரு சிறு கோடு, பிறகு 32 எழுத்துகள்.

முதல் நான்கு இலக்கம் ஆண்டு. அடுத்து 01 மாதம், 15 நாள், 21 மணி, 30 நிமிடம், 45 விநாடி. கடைசி 00 ஒரே விநாடியில் இரண்டு படம் விழுந்தால் பிரித்துக் காட்ட. கோட்டுக்குப் பின்னால் உள்ள 32 எழுத்து கேமின் அடையாளம். ஒரே கேமின் படங்கள் எல்லாவற்றுக்கும் அது ஒன்றே. ஆகவே கார்டிலிருந்து நாள் வாரியாக எடுத்தாலும், அந்தக் குறியைத் தேடலில் போட்டால் ஒரு கேமின் படங்கள் அத்தனையும் ஒரே பட்டியலில் வந்துவிடும்.

போட்டோ ஆப் பெரும்பாலும் படத்துக்குள் உள்ள தேதியைத் தேடும். அங்கே கிடைக்காவிட்டால் ஃபைல் உருவான தேதியை எடுத்துக்கொள்ளும், அதாவது நீங்கள் காப்பி செய்த நாள். எக்ஸிஃப்டூல் என்ற இலவசக் கருவி ஃபைல் பெயரில் உள்ள நேரத்தைப் படித்து, படத்தின் உள் தேதியாக எழுதிவிடும். ஒரு ஃபோல்டருக்கு ஒரே கட்டளை போதும். இதை நகலில்தான் செய்ய வேண்டும். மாற்றிய படத்தைத் திரும்பக் கார்டில் போட்டால் ஸ்விட்ச் ஆல்பம் அதைத் திறக்காது: ஒவ்வொரு படத்திலும் கன்சோல் ஒரு கையொப்பம் வைக்கிறது, ஒரு பைட் மாறினாலும் அது பொருந்தாமல் போகும். மூலத்தைத் தொடாமல் ஒரு ஃபோல்டர், தேதி திருத்தியது இன்னொரு ஃபோல்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு சிறு எச்சரிக்கை. இந்த நேரம் கன்சோலின் கடிகாரம் காட்டும் நேரம். அனிமல் கிராஸிங் என்ற கேமில் பண்டிகையைச் சீக்கிரம் வரவழைக்கக் கடிகாரத்தைத் தள்ளி வைத்திருந்தால், படமும் அந்தப் பொய்த் தேதியோடுதான் பிறந்திருக்கும். அதை எந்தக் கருவியும் கண்டுபிடிக்காது.

வைஃபை_வாத்தி

போன் சிக்கலுக்கு பதில். 10 படம் அல்லது 1 வீடியோ, அதுதான் ஒரு முறைக்கு எல்லை, அதைத் தாண்ட வழி இல்லை. நாலஞ்சு படத்தை உடனே யாருக்காவது காட்ட வேண்டுமானால் இது சரி, ஆல்பத்தைக் காலி செய்ய இதை நம்பாதீங்க.

பக்கம் ஏன் சுத்துது? முதல் க்யூஆர் கோடு போனை ஸ்விட்சே உருவாக்கற வைஃபையில சேர்க்குது. ரெண்டாவது கோடு அந்த வைஃபைக்குள்ள 192.168.0.1ங்கற முகவரியை பிரவுசர்ல திறக்குது. அந்த வைஃபையில இன்டர்நெட் கிடையாது. போன் அதைக் கண்டுபிடிச்சு, நமக்கு உதவி பண்ணறதா நினைச்சு, மொபைல் டேட்டாவுக்குத் தாவிடும். டேட்டா வழியா போனா அந்த முகவரியில யாரும் இல்லை, அதான் சுத்தல். மொபைல் டேட்டாவை அணைங்க, விபிஎன் இருந்தா அதையும். "இந்த வைஃபையில இன்டர்நெட் இல்லை, தொடரவா?"ன்னு போன் கேட்டா தொடரச் சொல்லுங்க. கோடை போனோட சொந்த கேமராவுல ஸ்கேன் பண்ணுங்க. தனி ஸ்கேனர் ஆப் தனக்குள்ளயே ஒரு குட்டி பிரவுசரைத் திறக்கும், அதுல டவுன்லோடு பல நேரம் நடக்காது.

முன்னாடி பலர் எக்ஸ் தளத்துல போட்டு அங்கிருந்து இறக்கிக்கிட்டு இருந்தாங்க. 2024 ஜூன் 10-ஓட ஸ்விட்ச்ல அந்த இணைப்பு நின்னுடுச்சு. அது போனதுல பெரிய வருத்தம் இல்லை, படத்தை நசுக்கித்தான் கொடுத்துக்கிட்டு இருந்துச்சு. வாட்ஸ்அப்ல அனுப்பும்போதும் போட்டோவா அனுப்பாம டாக்குமென்டா அனுப்புங்க. ஸ்விட்ச் படம் 1280-க்கு 720 தான், அதையும் சுருக்கினா எழுத்தெல்லாம் மங்கிடும்.

சதுரம்_வட்டம்

பிஎஸ்5 பாகம். உங்க கிளிப் அநேகமா வெப்எம் வகை. 4கே-ல பதிவு பண்ணினா அது வெப்எம்மாத்தான் வரும், ஐபோன் போட்டோஸ் அதை ஏத்துக்காது. ஃபைல் பெயர்ல கடைசி எழுத்துகளை எம்பி4-ன்னு மாத்தறதால ஒண்ணும் நடக்காது, பெட்டி மேல லேபிளை மட்டும் மாத்தற மாதிரி. இருக்கற கிளிப்புக்கு கம்ப்யூட்டர்ல ஹேண்ட்பிரேக்ங்கற வீடியோ மாத்தற செயலியைப் போட்டு மாத்திக்கலாம். இனி எடுக்கறதுக்கு, செட்டிங்ஸ்ல கேப்சர்ஸ் அண்ட் பிராட்காஸ்ட்ஸ் போய் வீடியோ ஃபைல் வகையை எம்பி4 ஆக்குங்க. 1080பிக்கு இறங்கும், போன்ல பார்க்க அது தாராளம்.

பென்டிரைவோட ஃபார்மேட் எக்ஸ்ஃபேட்டா இருக்கட்டும். என்டிஎஃப்எஸ்ஸை பிஎஸ்5 ஏத்துக்காது. ஃபேட்32-ல ஒரு ஃபைல் 4 ஜிபியைத் தாண்ட முடியாது, நீளமான பதிவுகள் அங்க மாட்டும். கேம் சேமிக்க எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜா ஃபார்மேட் பண்ணின டிரைவை இதுக்குப் பயன்படுத்த முடியாது.

பென்டிரைவே வேணாம்னா பிஎஸ் ஆப்ல ஆட்டோ அப்லோடை ஆன் பண்ணுங்க. 3 நிமிஷத்துக்கு உட்பட்ட, 1080பி வரையிலான கிளிப்பும் ஸ்கிரீன்ஷாட்டும் தானா போனுக்கு வரும். 14 நாள்தான் அங்க இருக்கும், அதுக்குள்ள இறக்கிக்கணும். 4கே கிளிப் அந்த வழியா வராது.

இன்னொண்ணு: கேம்ல ஒரு சாதனைக்கான டிராஃபி கிடைக்கும்போதெல்லாம் பிஎஸ்5 தானாவே படமும் வீடியோவும் பிடிச்சு வெச்சுக்கும். நீங்க எடுத்த ஞாபகமே இருக்காது, ஸ்டோரேஜ் மட்டும் குறையும். அதே கேப்சர்ஸ் பக்கத்துல டிராஃபீஸ் பிரிவுல அணைச்சிடலாம்.

மூணாவது_பட்டன்

சேவ் லொக்கேஷன் உள் நினைவகத்துலதான் இருந்துச்சு, மாத்திட்டேன். டேட்டாவை அணைச்சதும் போன்லயும் பக்கம் திறந்துடுச்சு. கடைசியா ஒண்ணு: 30 விநாடி கிளிப் பலதை ஒட்டி ஒரே வீடியோ ஆக்கணும், தரம் குறையக் கூடாது. அழிக்கறதுக்கு முன்னாடி வேற ஏதாவது பார்க்கணுமா?

தேதி_தேடி

ஸ்விட்ச் கிளிப்புகள் எல்லாம் ஒரே அளவு, எச்.264 என்ற ஒரே வீடியோ சுருக்க வகை. அதனால் மறுபடி என்கோட் செய்யாமலே ஒட்டலாம். லாஸ்லெஸ்கட் என்ற செயலியில் ஃபைல்களைப் பெயர் வரிசையில் சேர்த்து மெர்ஜ் கொடுங்கள், நேர வரிசை தானாக அமையும். அதிலேயே வெட்டினால் வெட்டு நீங்கள் குறித்த இடத்தில் சரியாக விழாது, அருகில் உள்ள கீஃப்ரேமுக்கு (முழுப் படமாகச் சேமிக்கப்பட்ட ஃப்ரேம்) நகரும். ஆரம்பத்தில் ஓரிரு விநாடி கூடுதலாக நிற்பது அதனால்தான்.

அழிப்பதற்கு முன், கணினி ஃபோல்டரின் ப்ராப்பர்ட்டீஸில் ஃபைல் எண்ணிக்கையும் மொத்த அளவும் மூலத்தோடு பொருந்துகிறதா என்று பாருங்கள். 0 பைட் ஃபைல் இருக்கிறதா என்று அளவு வாரியாக ஒரு முறை வரிசைப்படுத்துங்கள். எம்டிபி நடுவில் அறுந்தால் அப்படித்தான் வரும். ஸ்விட்ச் ஆன்லைன் கிளவுட் சேவ் ஆல்பத்தைச் சேமிப்பதில்லை, அழித்தால் அழித்ததுதான். எனவே இரண்டாவது நகல் வேறு டிரைவில் இருக்கட்டும். பிறகு அதே மேனேஜ் ஸ்கிரீன்ஷாட்ஸ் பக்கத்தில் உள் நினைவகத்தைத் தேர்ந்தெடுத்து மொத்தமாக அழிக்கலாம்.

நெய்தல்

ஸ்விட்ச் 2 வாங்கற எண்ணம் இருந்தா அந்தப் பழைய கார்டைத் தூக்கிப் போடாதீங்க. ஸ்விட்ச் 2-ல கேம் சேமிக்க மைக்ரோஎஸ்டி எக்ஸ்பிரஸ் கார்டுதான் வேணும், ஆனா பழைய கார்டுல இருக்கற படத்தையும் வீடியோவையும் அதுல போட்டு உள்ள காப்பி பண்ணிக்கலாம். சாதாரண கார்டுக்கு அங்க இருக்கற ஒரே வேலை அதுதான்.