பிளினி சொல்லும் இலங்கையை நம்பலாமா?

வெள்ளவத்தைப் பெடியன்: உயர்தரத்துக்குக் கிரேக்க உரோம நாகரிகம் எடுத்திருக்கிறேன். அன்னியஸ் பிளொகாமஸ் என்பவரின் முன்னாள் அடிமை காற்றில் அள்ளுண்டு 15ஆம் நாள் தப்ரபேனில், அதாவது எங்கட இலங்கையில், கரைசேர்ந்தான் என்று உரோம எழுத்தாளர் பிளினி தன் ‘இயற்கை வரலாறு’ தொகுதியின் 6ஆம் நூலில் எழுதுகிறார். உண்மையா, கதையா?

பழைய மாணவி: பிளொகாமஸ் என்பது கற்பனைப் பெயரில்லை தம்பி. எகிப்தின் கிழக்குப் பாலைவனத்தில் அந்தப் பெயருடைய ஒருவரின் அடிமை லைசாஸ், கி.பி. 6இல் பாறையில் கிரேக்கத்திலும் இலத்தீனிலும் தன் பெயரைப் பொறித்திருக்கிறான். ஆனால் அதே குடும்பம்தானா என்பது வேறு கேள்வி.

கொட்டாஞ்சேனை: கரைசேர்ந்தவனிடம் இருந்த, வெவ்வேறு தலை பொறித்த வெள்ளிக்காசுகள் எல்லாம் ஒரே எடையில் இருந்ததால் எங்கள் அரசன் உரோமரை நம்பினானாம், அது சரி. ஆனால் பிறகு உரோமுக்குப் போன நம் தூதர்கள் அங்கே சூரியன் இடப்பக்கம் உதிப்பதைப் பார்த்து வியந்தார்களாம். நண்பகல் சூரியனைப் பார்த்து நின்றால் அது வலப்பக்கம் உதிப்பது நிலநடுக்கோட்டுக்குத் தெற்கே உள்ளவர்களுக்குத்தான்; நாங்களும் வடக்கேதானே ஐயா!

வெள்ளவத்தைப் பெடியன்: அட, அதை யோசிக்கவே இல்லை. நன்றி அக்கா, அண்ணா.