பிரிவியூவில் வெட்டிய ஷாட் மாஸ்டரில் பொருந்தவில்லை: தப்பு எங்கே?

கத்தரிக்கோல்:
52 நிமிட ஆவணப்படம். 1956இல் வெளியான செய்திப்படச் சுருள் ஒன்றிலிருந்து 14 ஷாட், மொத்தம் 1 நிமிடம் 50 வினாடி. காப்பகம் தந்த வாட்டர்மார்க் பிரிவியூவை (பார்த்துத் தேர்வு செய்யத் தரும் மாதிரிப் பிரதி) வினாடிக்கு 25 ஃப்ரேம் டைம்லைனில் போட்டு எடிட் முடித்து, இடிஎல் (எங்கே வெட்டினோம் என்ற பட்டியல் ஃபைல்) அனுப்பினோம். வந்த மாஸ்டரில் (முழுத் தரப் பிரதி) ஒரு ஷாட்டும் சேரவில்லை. முதல் நிமிட ஷாட்டுகள் இரண்டரை வினாடி முன்னாலேயே வெட்டப்பட்டிருக்கின்றன; எட்டாம் நிமிடத்தில் இது 20 வினாடி. மறுபடி கேட்கும் முன் எதைப் பார்க்க வேண்டும்?

ரீல்வண்டி:
இடைவெளி எல்லா ஷாட்டிலும் ஒரே அளவாக இருந்தால் தொடக்க டைம்கோடு (மணி:நிமிடம்:வினாடி:ஃப்ரேம் என்ற எண்) தப்பு. போகப் போக வளர்ந்தால் ஃப்ரேம் ரேட் தப்பு. உங்களுடையது இரண்டாவது. 24இல் ஸ்கேன் செய்த சுருளை 25இல் ஓடவிட்டுப் பிரிவியூ எடுத்திருக்கிறார்கள். கணக்குப் போடுங்கள்: 8 நிமிடம் × 25 = 12,000 ஃப்ரேம்; அதை 24ஆல் வகுத்தால் 500 வினாடி, அதாவது 8:20. அந்த 20 வினாடிதான்.

இடிஎல் படிப்பது ஃபைலின் டைம்கோடை. காப்பகத்துக்கு வேண்டியது படத்தின் மேல் எரித்திருக்கும் எண். அந்த எண்ணை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்திப் பாருங்கள். கடைசி இரண்டு இலக்கம் 23க்குப் பின் 00 ஆனால் அது மாஸ்டரின் எண். அப்படியே எழுதி அனுப்பலாம். 24 வரை போனால் மேலே சொன்ன கணக்கைப் போட்டே ஆக வேண்டும். அதற்கு முன் தொடக்க எண்ணைக் கழிக்க மறக்காதீர்கள், அது 00:00:00:00 ஆக இல்லாமல் 10:00:00:00 போலவும் இருக்கலாம்.

பட்டியலைக் கையால் போடுவதே நல்லது: சுருள் எண், இன், அவுட், முன்னும் பின்னும் 1 வினாடி ஹேண்டில் (கூடுதல் நீளம்), ஒவ்வொரு ஷாட்டின் முதல், கடைசி ஃப்ரேம் படம். எண்ணில் பிழை வந்தாலும் அந்தப் படம் காப்பாற்றும். ஷாட்டைப் பெரிதாக்கி எண்ணை ஃப்ரேமுக்கு வெளியே தள்ளியிருந்தால் முதலில் அந்தப் பெரிதாக்கலை நீக்கிவிடுங்கள்.

கலர்பெட்டி:
மாஸ்டர் வந்ததும் 24ஐ 25ஆக இன்டர்ப்ரெட் செய்யுங்கள், அதாவது ஃப்ரேமைக் கூட்டாமல் 25 வேகத்தில் ஓட்டச் சொல்லுங்கள். ஃப்ரேமுக்கு ஃப்ரேம் உட்காரும். சாஃப்ட்வேரை அதன் போக்கில் விட்டால் வினாடிக்கு ஒரு ஃப்ரேம் இரட்டிக்கும், கேமரா திரும்பும் ஷாட்டில் அந்தக் குலுக்கல் அப்பட்டமாகத் தெரியும். வர்ணனைக் குரல் 4% வேகமாகும், பிட்ச்சை இறக்க வேண்டும். புரோரெஸ் 422 ஹெச்க்யூ (எடிட்டுக்கான உயர்தர வீடியோ ஃபார்மட்), 4:3, இரு பக்கமும் கறுப்புப் பட்டையோடு கேளுங்கள். 16:9க்கு வெட்டித் தந்தால் தலையும் காலும் போகும்.

சட்டக்குறிப்பு:
இந்தியாவில் திரைப்படத்துக்குக் காப்புரிமை (காப்பிரைட்), வெளியான அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு. 1956 சுருளுக்கு 2016 முடிவோடு சரி. ஆனால் நல்ல பிரதி காப்பகத்தின் கையில்தான் இருக்கிறது. ஸ்கேன், அணுகல் கட்டணம் தனி. பின்னணி இசைக்கு வேறு கணக்கு, இசையமைப்பாளர் இறந்த பின் 60 ஆண்டு. அந்த டிராக்கை எடுத்துவிட்டால் தலைவலி குறையும். வெளிநாட்டு ஒளிபரப்பு இருந்தால் அந்த நாட்டு விதியையும் பாருங்கள். ஹேண்டிலுக்கும் டிரெய்லருக்கும் தனிக் காசா என்று ஒப்பந்தம் போடுமுன்பே கேளுங்கள்.

கத்தரிக்கோல்:
பார்த்தேன். 23க்கு மேல் போகவில்லை. 14 ஷாட்டையும் எண்ணைப் பார்த்து எழுதிக்கொண்டிருக்கிறேன்.