புதுப்பிப்பு: பிஜாப்பூர், குல்பர்கா, பீதர், ஹைதராபாத் போய் வந்தாச்சு

சம்பா அறுவடை முடிந்ததும் அத்தாவை அழைத்துக்கொண்டு தக்காண சுல்தான்களின் கட்டடங்களைப் பார்க்கவேண்டும், வழிகாட்டியோடு ஆளுக்கு 15,000 ரூபாய்க்குள் முடியுமா என்று தை மாதம் கேட்டிருந்தேன். முடிந்தது. மயிலாடுதுறையிலிருந்து கிளம்பித் திரும்ப எட்டு நாள், ஆளுக்கு 14,200. ஸ்லீப்பர் ரயில், இருவருக்கு ஓர் அறை, சாப்பாடு தனி.

பிஜாப்பூரின் கோல் கும்பாஸில் நுழைந்ததும் அத்தா அப்படியே நின்றுவிட்டார். 1656இல் முடிந்த, பிஜாப்பூர் சுல்தான் முகம்மது ஆதில் ஷாவின் கல்லறை. உள்ளே ஒரு தூண்கூடக் கிடையாது. ஒன்றையொன்று வெட்டிச் செல்லும் வளைவுகளே அவ்வளவு பெரிய குவிமாடத்தையும் தாங்குகின்றன. மேல்மாடத்தில் ஒரு பக்கம் நான் மெல்ல "அத்தா" என்றேன், எதிர்ப்பக்கம் அவருக்குக் கேட்டது. கூட்டம் சேர்ந்தால் இது கேட்காது. காலையில் திறந்ததும் போய்விடுங்கள்.

குல்பர்கா கோட்டைப் பள்ளிவாசல் 1367இல் கட்டியது. திறந்த முற்றமே இல்லை, முழுக்கக் கூரை. அங்கேதான் அத்தா வழிகாட்டியிடம் நாகூர் தர்காவின் பெரிய மினாராவைப் பற்றிச் சொன்னார்: 131 அடி, கட்டித் தந்தவர் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப் சிங். அந்தத் தம்பி உடனே குறித்துக்கொண்டார்.

ஒரே வருத்தம் பீதர். பாமினி அமைச்சர் மஹ்மூத் கவான் கட்டிய மதரஸாவுக்குப் பயண ஏற்பாட்டாளர்கள் ஒரு மணி நேரம்தான் தந்தார்கள். சுவரில் மிஞ்சியிருக்கும் நீல ஓடுகளைப் பார்க்கவே அது போதாது. முன்பணம் கட்டும்போதே பீதருக்கு ஒரு முழு நாள் கேட்டு வாங்குங்கள். ஹைதராபாத்தில் சார்மினாரோடு நிறுத்திக்கொண்டோம்.